பட்டியலில் நீ வெட்டிய வீடு

மகன்,

என் ஸலாமுக்கு முதலில் பதில் சொல்லிவிட்டு, கதிரையில் ஒழுங்காக இருந்து வாசி. ஒரே கூரைக்குக் கீழே இருந்துகொண்டு உம்மா எதற்குக் கடிதம் எழுதுகிறார் என்று யோசிப்பாய். வாயால் சொல்லத் தொடங்கினால் நீ இடையில் புகுந்து என்னைச் சிரிக்க வைத்துவிடுவாய். இல்லாவிட்டால் நான் அழுதுவிடுவேன். இரண்டிலும் சொல்ல வந்தது நின்று போகும். முப்பத்தெட்டு வருடம் அரசாங்கக் கந்தோரில் கடிதம் எழுதியே சாப்பிட்டவள் நான். பேச்சில் நீ என்னை மடக்குவாய், எழுத்தில் உன்னால் ஏலாது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகை முடிந்ததும் உன்னை மாப்பிள்ளையாக மருதமுனைக்கு அழைத்துப் போய்விடுவார்கள். வேறு ஊர்களில் பெண்ணைப் பெற்றவள் அழுவாள். நம்முடைய கிழக்குக் கரையில் வீடு வளவெல்லாம் பெண்ணுக்கு. அவள் பிறந்த இடத்திலேயே இருப்பாள், பெட்டியைக் கட்டிக்கொண்டு புறப்படுகிறவன் ஆண்பிள்ளை. ஆகவே அழுகிற முறை என்னுடையது. உன் ராத்தா கேலி செய்கிறாள், அவன் என்ன கட்டார் நாட்டுக்கா போகிறான், ஓட்டோவில் பத்து நிமிடம்தானே என்று. உண்மைதான். ஆனால் சாப்பிட்டானா என்று குசினியிலிருந்து எட்டிப் பார்க்க முடியாத பத்து நிமிடம் அது. இதை அவளிடம் சொல்லவும் முடியாது. அவளுடைய மாப்பிள்ளையும் இப்படித்தான் நம் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். அன்றைக்கு அவருடைய உம்மா மூக்கைச் சிந்திச் சிந்தி அழுததைப் பார்த்து நான் உள்ளுக்குள் சிரித்தேன். அல்லாஹ் கணக்கு வைத்திருந்திருக்கிறான்.

போகிற வீட்டில் முதல் ஆறு மாதத்துக்குக் கமராவைப் பையை விட்டு வெளியே எடுக்காதே. உன் மாமி சாப்பிடும்போது முகத்தில் நல்ல வெளிச்சம் விழுகிறது என்று எழும்பி ஓடாதே. சோற்றில் உப்புக் குறைந்திருந்தால், ‘எங்கட உம்மா’ என்று தொடங்குகிற எந்த வசனத்தையும் முடிக்காதே. அந்த ஒழுங்கையில் வீட்டுக்கு வீடு தறி, பகல் முழுக்கச் சத்தம். நீ ஒலிப்பதிவு செய்ய இருந்தால், கொஞ்சம் நிறுத்துங்கள் என்று கேட்கத்தான் நாக்குத் துடிக்கும். கேட்காதே. உனக்குப் படம் தொழில் என்றால் அவர்களுக்குத் தறி தொழில். அவர்கள் தேத்தண்ணிக்கு எழும்புகிற நேரம் பார்த்து உன் வேலையை வைத்துக்கொள்.

கமராவை நீ கையில் எடுத்த நாளிலிருந்து இந்த வீட்டில் ஒருவருக்கும் நிம்மதி கிடையாது. ஒரு நோன்பு நாளில் பின்னேரம் நான் வாயைத் திறந்துகொண்டு குறட்டை விட்டதை எடுத்து வைத்திருந்து, பெருநாளன்று மொத்தக் குடும்பத்துக்கும் டீவியில் போட்டாய். உன் வாப்பா, அல்லாஹ் அவரைப் பொருந்திக்கொள்ளட்டும், சிரித்த சிரிப்பில் வட்டிலப்பம் தொண்டையில் சிக்கி, முதுகில் தட்ட ஆள் தேடினோம். நான் ஒரு கிழமை, முழுசாக ஏழு நாள், உன்னோடு கதைக்கவில்லை. அன்றிலிருந்து கமராவைக் கண்டால் முக்காட்டை இழுத்து மூடிக்கொண்டு குசினிக்குள் ஓடிவிடுவேன். வெட்கம் பாதி, கந்தோர்ப் பயம் பாதி. அரசாங்க உத்தியோகத்தில் இருப்பவளுக்குப் பதிவேட்டில் எழுதி வைத்ததற்குப் பொறுப்புச் சொல்லவே நேரம் போதாது, படத்தில் வேறு அகப்பட வேண்டுமா?

சீலனை நீ கூட்டிக்கொண்டு வந்தது உயர்தரப் பரீட்சைக்கான டியூசன் வகுப்பிலிருந்து. தேவாலயத்துக்குப் பின்னால் உள்ள ஒழுங்கையில் வீடு, மெதடிஸ்த குடும்பம், தாயும் மகனும் மட்டும். முதல் நாளே என்னை உம்மா என்று கூப்பிட்டான், முதல் நாளே உன்னைவிட மூன்று இடியப்பம் கூடச் சாப்பிட்டான், எனக்கு அவனைப் பிடித்துவிட்டது. இரண்டு பேரும் சேர்ந்து வாங்கிய ஒரு கமரா, ஒரு கிழமை அவன் வீட்டிலும் ஒரு கிழமை நம் வீட்டிலுமாக வளர்ந்தது. முஸ்லிம் கலியாணம், தேவாலயக் கலியாணம், கோயில் கலியாணம் என்று எல்லாவற்றுக்கும் ஒரே மோட்டார் சைக்கிளில் போனீர்கள். தேவாலயத்தில் பாட்டுப் பாடுகிறவர்களுக்கு நடுவில் கமராவோடு அலையக்கூடாது என்று அவன் உனக்குச் சொல்லித் தந்தான். நம் கலியாணங்களில் பெண்கள் பக்கத்தை எட்டிப் பார்த்தால் உதை விழும் என்று நீ அவனுக்குச் சொல்லிக் கொடுத்தாய். அவன் படம் பிடிப்பான், நீ வீட்டில் இருந்து வெட்டி ஒட்டுவாய். ஒருவன் இல்லாமல் மற்றவனுக்கு வேலை ஓடவில்லை.

பிறகு வந்தது அந்த ஆட்சி. யார் எங்கே என்ன கதைக்கிறார்கள் என்று குறித்துக்கொள்ள ஆள் வைத்திருந்த காலம். கூட்டம் போட அனுமதி இல்லை. மனுக் கொடுத்தால் பதில் இல்லை. வீதியோரம் பத்துப் பேர் நின்றால் பதினோராவதாக ஒருவர் வந்து பெயர்களைப் பதிந்துகொண்டு போவார். பத்திரிகைக்காரர்கள் மழையைப் பற்றியும் மாம்பழ விளைச்சலைப் பற்றியும் எழுதிக்கொண்டிருந்தார்கள். அந்த நேரம் பார்த்துத்தான் நீங்கள் இரண்டு பேரும், திருக்கோவில் ஊருக்கும் தெற்கே ஒரு மீன்பிடிக் கிராமத்துக்குப் போய்வரத் தொடங்கினீர்கள். சண்டைக்குப் பயந்து ஓடிய சனங்கள் திரும்பி வந்தபோது அவர்களுடைய வளவுகளைச் சுற்றி முகாமின் முள்ளுக்கம்பி நின்றது. காணி பெர்மிட்டைக் காட்டினால், அப்படி ஒரு பதிவே கிடையாது, இது செல்லாது என்றார்களாம். வழக்குப் பேசக் கோட்டுக்குப் போக அவர்களிடம் வசதி இல்லை. நீங்கள் கமராவோடு போனீர்கள்.

எப்படிப் போனீர்கள் என்பதை நினைத்தால் இன்றைக்கும் சிரிப்பு வருகிறது. பையில் மேலே ஒரு கலியாண அல்பம், அதற்குக் கீழே கமரா. சோதனைச் சாவடியில் கேட்டால், பக்கத்து ஊரில் கலியாணம், படம் எடுக்கப் போகிறோம் என்பீர்கள். ஒரு சிப்பாய் அல்பத்தை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை ரசித்துப் பார்த்துவிட்டு, அடுத்த வருடம் தனக்கும் கலியாணம், வருவீர்களா என்று நம்பர் வாங்கிக்கொண்டான். அவன் போன் எடுத்தால் போகத்தான் வேண்டும் என்று சீலன் சொன்னான், சொன்ன சொல் சொல்தானே என்று. அந்தப் பையன் நல்ல பையனாகத்தான் இருந்திருப்பான், மகன். கம்பி போட்டவனும் கம்பிக்குப் பக்கத்தில் வெயிலில் நிறுத்தப்பட்டவனும் ஒருவன் அல்ல. படம் எடுக்கும்போது இந்த வித்தியாசத்தை மறந்துவிடாதே.

கிராமத்தில் முதல் நாலு தரம் கமராவை வெளியே எடுக்கவே சீலன் விடவில்லை என்று நீதான் குறைப்பட்டாய். அவன் கரைவலை இழுக்கக் கைகொடுத்தான், நீ வெயிலில் இருந்து புறுபுறுத்தாய். ஐந்தாவது தரம், வளவை இழந்தவர்களில் ஒருவரான பூரணம் அக்கா தானாகவே வந்து, வாங்கடா தம்பிமாரே, என்ட பிள்ளையளக் காட்டுறன் என்று கம்பியடிக்குக் கூட்டிப் போனார். கம்பிக்கு உள்ளே தெரிந்த தென்னைகளை ஒவ்வொன்றாகக் காட்டினார். ஒவ்வொரு பிள்ளை பிறந்தபோதும் ஒன்று வைத்தாராம், ஒன்பது மரம். கடல் பக்கம் வளைந்து நிற்பது மூத்தவன், குலை தள்ளி நிற்பது நடுவாள், வண்டு அரித்தது சின்னவன், அவனுக்குச் சின்னதிலிருந்தே சுகமில்லை என்று சொல்லிக்கொண்டே போனார். எனக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்றால், அதிலிருந்து நீ முதலில் வெட்டி ஒட்டிய பன்னிரண்டு நிமிடப் படத்தைப் பார்த்த கூட்டத்தில் நானும் இருந்தேன்.

படத்தை மண்டபத்தில் போடப் பொலிஸ் அனுமதி தரவில்லை. நீ கலியாண வீட்டைக் கண்டுபிடித்தாய். நம் சொந்தத்தில் ஒரு கலியாணம், சாப்பாடு முடிந்து பெண்கள் பக்கம் எல்லோரும் வெற்றிலையோடு இருக்கிறார்கள், டீவியில் பழைய கலியாண வீடியோ ஓடுகிறது. உன் ராத்தா பென் டிரைவை முக்காட்டுக்குள் மறைத்துக் கொண்டுவந்து மாற்றிப் போட்டாள். யாருடைய கலியாணம் இது, கடல் தெரிகிறதே என்று ஒருத்தி கேட்டாள். பிறகு வெற்றிலைத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு எல்லோரும் டீவிக்குக் கிட்ட வந்தார்கள். தென்னைகள் முடிந்ததும், நம்மட வாசல்ல ஆரும் கம்பி கட்டினா நாம சும்மா இரிப்பமா என்று மூலையிலிருந்து ஒரு குரல் வந்தது. திரும்பப் போடச் சொன்னார்கள். மூன்று தரம் போட்டோம். வெளியே புலனாய்வுக்காரர் ஒருவர் ஆண்கள் பக்கம் இருந்து புரியாணியை இரண்டாம் முறை வாங்கிச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார் என்று பிறகு சொல்லிச் சொல்லிச் சிரித்தாய்.

நான் சிரிக்கவில்லை, அது உனக்கு ஞாபகம் இருக்காது. படத்தின் முடிவில் பூரணம் அக்கா ஒரு பெர்மிட்டை விரித்துக் கமராவுக்கு முன்னால் பிடித்தார். ‘ழ’வுக்கு வால் நீளமாக இழுபட்ட எழுத்து. வடக்கே வீதி, கிழக்கே கடல் என்று எல்லைகள் எழுதியிருந்தன. ஒப்பம் அதிகாரியுடையது, எழுத்து என்னுடையது. காணிக் கிளையில் நான் சேர்ந்த புதிதில், இருபத்தைந்து வயதுக்குள், மை சிந்தாமல் பார்த்துப் பார்த்து எழுதியது. அன்று வீட்டுக்கு வந்து நீ கேட்டாய், உம்மா, அந்தப் பெர்மிட்டுகளைப் பதிந்த பதிவேடு கந்தோரில் இருக்கிறதா என்று. எனக்குத் தெரியா என்றேன். எந்த அலுமாரி, எந்தத் தட்டு என்பது வரை எனக்குத் தெரியும். நான் உனக்குச் சொன்ன முதல் பெரிய பொய் அது. ஓய்வு பெற நாலு வருடம் இருந்தது. நாலு வருடத்தைப் பத்திரமாகக் கடந்துவிடலாம் என்று நினைத்தேன்.

இரண்டு கிழமை கழித்து ஒருவர் கந்தோருக்கு வந்தார். வெள்ளைச் சட்டை, நல்ல தமிழ், என்னை அம்மா என்று கூப்பிட்டார். இஞ்சி போட்ட தேத்தண்ணியை மெதுவாகக் குடித்தார். ஓய்வுக்கு இன்னும் எத்தனை வருடம் என்று கேட்டார், ஆனால் விடை அவருக்குத் தெரிந்திருந்தது. பிள்ளைகள் தெரியாமல் ஏதோ செய்கிறார்கள், பெரிய இடத்தில் கோபமாக இருக்கிறார்கள், நாங்கள் வழியில் மறித்துப் புத்தி சொல்லி அனுப்பிவிட்டால் பிள்ளைக்கும் நல்லது, உங்களுக்கும் நல்லது என்றார். அடுத்ததாக எப்போது போகிறார்கள், எந்த வழியால் என்று கேட்டார். மகன், நான் சொன்னேன். வியாழக்கிழமை, விடிந்ததும், வயல் பாதையால் என்று சொன்னேன். சொல்லிவிட்டு, என்ட மகன ஒண்டும் செய்யாதீங்க என்று கெஞ்சினேன். மகனை என்றுதான் கேட்டேன். போகிறவர்கள் இரண்டு பேர். மற்றவனைப் பற்றி என் வாயில் ஒரு சொல் வரவில்லை.

என் பேச்சை அவர்கள் அப்படியே காப்பாற்றினார்கள். வயல் பாதையில் இரண்டு பேரையும் மறித்து, உன்னை ஒரு மணித்தியாலத்தில் விட்டார்கள். கமராவையும் சீலனையும் வைத்துக்கொண்டார்கள், அவனை மூன்று நாள். அந்த மூன்று நாளும் அவனுடைய அம்மா நம் வீட்டில் வந்து இருந்தார், கந்தோரில் வேலை செய்பவர் நீங்கள், ஒரு முறைப்பாடு எழுதித் தாருங்கள் என்று. எழுதிக் கொடுத்தேன். பிழையில்லாமல், அழகான எழுத்தில், எங்கள் அப்பாவிப் பிள்ளையை என்று எழுதிக் கொடுத்தேன். அந்தத் தாய் என் கையைப் பிடித்து நன்றி சொன்னார். என் வாழ்க்கையில் நான் செய்ததிலேயே வெட்கக்கேடான காரியம் எது என்று மறுமையில் கேட்டால், உளவு சொன்னதை இரண்டாவதாகத்தான் சொல்வேன்.

அவன் வெளியே வந்த அன்று நம் வீட்டுக்குத்தான் நேரே வந்தான். நீ அவனை முன் அறையில் இருத்தி வைத்துக் கேட்டதை நான் திரைச்சீலைக்குப் பின்னால் நின்று கேட்டேன்.

"மூணு பேருக்குத்தான் மச்சான் தெரியும். நான் சொல்லல்ல. உம்மா சொல்ல மாட்டா."

"நானும் சொல்லல்ல" என்றான் அவன்.

"அப்ப ஆர்?"

நீ திரும்பத் திரும்பக் கேட்டாய், அவன் நிலத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தான். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டான். அவன் வாய் திறக்காததைக் குற்றம் என்று நீ எடுத்துக்கொண்டாய். உம்மா சொல்ல மாட்டா என்று நீ சொன்னது காதில் விழுந்த அந்த நிமிடம் நான் திரையை விலக்கியிருக்க வேண்டும். ஒரு சாண் தூரம். என்னால் ஏலவில்லை.

மிச்சத்தை ஊர் பார்த்துக்கொண்டது. தமிழன்தானே, காட்டிக் கொடுத்திருப்பான் என்று கடை வாசலில் கதைத்தார்கள். நம் வீட்டு முன் அறையில் இருந்துகொண்டே, நான் ஊற்றிக் கொடுத்த தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டே ஒருவர் சொன்னார். தமிழர் பக்கத்தில், சோனகனோடு சேர்ந்தால் இதுதான் நடக்கும் என்று அவனுடைய அம்மாவிடம் சொன்னார்களாம். இந்தக் கரையில் தமிழ், முஸ்லிம் இரண்டு சனமும் ஒருவரையொருவர் சந்தேகிக்கப் பழகிய பழக்கம், ஒளிந்துகொள்ள எனக்கு வசதியான இடமாக இருந்தது. இதையும் எழுதித்தான் ஆக வேண்டும்.

நீ தனியே போனை வைத்துக்கொண்டு படத்தை முடித்தாய். அது வெளிநாட்டில் எங்கெங்கோ ஓடியது, பிறகு எல்லோருடைய போனிலும் ஓடியது. கம்பி ஒரு நாள் பின்னால் நகர்ந்தது. படத்தாலா, தேர்தல் வந்ததாலா, எனக்குத் தெரியாது. ஒன்பதில் ஏழு மரம் பூரணம் அக்காவுக்குத் திரும்பக் கிடைத்தது, நடுவாளிடமிருந்து ஒரு குலை இளநீர் வெட்டி உனக்கு பஸ்ஸில் ஏற்றி அனுப்பினார். கண்டக்டர் வழியில் இரண்டைக் குடித்துவிட்டார். நாம் சிரித்துக்கொண்டே மிச்சத்தைக் குடித்தோம். ஆனால் அதற்குப் பிறகு நீ ஒரு படமும் எடுக்கவில்லை. கலியாணம், கலியாணம், கலியாணம். கிராமத்தின் மற்றப் பாதி வளவுகள் இன்றைக்கும் கம்பிக்கு உள்ளேதான் இருக்கின்றன. ஏன் போகவில்லை என்று உன் ராத்தா கேட்டதற்கு, கூட வாறவன நம்ப ஏலாட்டி என்னத்த எடுக்குற என்று சொன்னாய். ஐந்து வருடமாக நீ சுமக்கிற அந்தச் சந்தேகம் என்னுடையது, மகன். அதைத் திருப்பி வாங்கத்தான் இந்தக் கடிதம்.

போன கிழமை கலியாணம் சொல்ல வேண்டிய வீடுகளை எழுத நீ, நான், ராத்தா மூன்று பேரும் இருந்தோம். நம் பக்கத்தில் கார்ட் வெறும் கடதாசி. ஆள் நேரே போய், வாசலில் நின்று, வாயால் சொன்னால்தான் அழைப்பு. சொல்லாத வீட்டார் வரமாட்டார்கள், வராததை வருடக்கணக்கில் மறக்கவும் மாட்டார்கள். ராத்தா பழைய நினைவில் சீலனுடைய பெயரை எழுதினாள். நீ பேனையை வாங்கி அதை வெட்டினாய். கடதாசி கிழியும்படி வெட்டினாய். அடுத்த நாள் காலையில், தையல்காரியிடம் போவதாகச் சொல்லிவிட்டு ஓட்டோ எடுத்து அவன் வீட்டுக்குப் போனேன்.

வாசலில் வைத்தே சொன்னேன், உள்ளே போய் இருந்தால் தைரியம் போய்விடும் என்று பயந்து. தாயும் மகனும் நின்றார்கள். நான்தான் சொன்ன, நாள், வழி எல்லாம் நான்தான் சொன்ன என்றேன். சீலன் என்னைப் பிடித்துக் கதிரையில் இருத்தினான். எனக்குத் தெரியும் உம்மா என்றான். முதல் நாளே அந்த வெள்ளைச் சட்டைக்காரர் சிரித்துக்கொண்டு அவனிடம் சொல்லிவிட்டாராம், உன் கூட்டாளியின் தாய்தான் தகவல் தந்தார் என்று.

"அவங்க அதுக்குத்தான் எனக்கிட்டச் சொன்ன" என்றான். "நான் வந்து அவனுக்குச் சொல்லுவன், அவன் உங்களோட சண்ட பிடிச்சிக்கிட்டு நிப்பான், படம் நிக்கும். அவங்கட வேல முடிஞ்சிரும். நான் சொல்லல்ல. அவனுக்குக் கூட்டாளி வேற கிடைப்பான் உம்மா. உம்மா வேற கிடைக்க மாட்டா."

கோபம் இருக்கவில்லையா என்று கேட்டேன். இருந்தது, இரண்டு வருடம் உங்கள் வீதியால் போகவே இல்லை என்று மறைக்காமல் சொன்னான். அவனுடைய அம்மா, அந்த முறைப்பாட்டுக் கடுதாசி நல்லா எழுதியிருந்தீங்க என்று மட்டும் சொல்லிவிட்டுக் குசினிக்குள் போனார். வெகுநேரம் கழித்துத்தான் தேத்தண்ணியோடு வந்தார். சீனி போட்டிருந்தார். அவர் என்னை மன்னித்தாரா என்று எனக்குத் தெரியாது, கேட்கவும் எனக்கு உரிமை இல்லை. குடித்தேன்.

இனி நீ நம்பமாட்டாய். நான் கண்ணைத் துடைத்து முடியவில்லை, அவன் கேட்கிறான், உம்மா, இதைக் கமராவுக்கு முன்னால் சொல்லுவீங்களா என்று. உனக்கேற்ற கூட்டாளிதான். மௌத்து வீட்டில் ஆட்கள் அழும்போதுகூட வெளிச்சம் பார்ப்பான். முக்காட்டை இழுத்துக்கொண்டு எழும்பி ஓடத்தான் கால் உன்னியது. பிறகு, ஓம் என்றேன். கதிரையை மூன்று தரம் இடம் மாற்றினான். யன்னலைப் பார், என்னைப் பார், இல்லை சுவரைப் பார் என்றான். மின்சாரக் காத்தாடிச் சத்தம் பதிகிறது என்று அதையும் நிறுத்திவிட்டான். இரண்டு மணித்தியாலம் வியர்வையில் நனைந்துகொண்டு சொன்னேன். பதிவேடு இருந்தது என்று சொன்னேன். கம்பிக்கு உள்ளே இருக்கிற வளவுகளின் பெர்மிட்டுகளை என் கையால் எழுதினேன், எழுத்தைக் கொண்டுவாருங்கள், ஒவ்வொன்றாக அடையாளம் காட்டுகிறேன் என்றேன். எந்த அலுமாரி, எந்தத் தட்டு என்றும் சொன்னேன். உன்னைப் பற்றி உளவு சொன்னதையும், மற்றவனுக்காகக் கேட்காமல் விட்டதையும் சொன்னேன். நான் பயந்த அளவுக்கு ஒன்றும் இல்லை. பல்லுப் பிடுங்குவதைப் போல, பிடுங்கும் வரைதான்.

உன் ராத்தாவுக்குக் கலக்கம். ஆட்சி மாறியிருக்கலாம், ஆட்கள் அதே ஆட்கள்தான், உம்மாவின் பென்சனில் கைவைத்தால் என்ன செய்வது என்கிறாள். அது நடக்கக்கூடியதுதான். அந்த வெள்ளைச் சட்டைக்காரரைப் போன மாதம் கடைத்தெருவில் கண்டேன். பதவி உயர்ந்து, தொந்தியும் உயர்ந்து, அம்மா சுகமா என்று கேட்டார். சுகம் என்றேன். அடுத்த முறை கந்தோருக்கு வந்ததுபோல வீட்டுக்கும் வரட்டும், இஞ்சி போட்டே தேத்தண்ணி கொடுப்பேன். இந்த முறை அவர் கேட்கிறதுக்குப் பதில் சொல்ல, என்னிடம் அவருக்குத் தெரியாத ஒன்றும் மிச்சம் இருக்காது. இந்தக் கடிதத்தின் பிரதி ஒன்றைப் பத்திரிகைக்கும் அனுப்புகிறேன். சீலனைத் துரோகி என்று ஊர் கேட்கச் சொன்னார்கள், அவன் இல்லை என்பதையும் ஊர் கேட்கத்தான் வேண்டும். உன்னிடம் ஒரு சொல் கேட்காமல் செய்கிறேன். கலியாண வீட்டில் ஆட்கள் என்னைப் பார்த்துக் குசுகுசுப்பார்கள். குசுகுசுக்கட்டும், புரியாணி நன்றாக இருந்தால் கொஞ்ச நேரத்தில் நிறுத்திவிடுவார்கள்.

உனக்கு நான் புத்தி சொல்லும் தகுதியை இழந்துவிட்டேன் என்று நினைப்பாய். இழந்தவள் சொல்வதையும் ஒருமுறை கேள். பயம் வரும். உனக்கும் வரும், உன் மனைவிக்கும் வரும், நாளைக்கு உனக்கு ஒரு பிள்ளை பிறந்தால் இன்னும் பத்து மடங்காக வரும். பயந்ததற்காக ஒருவரையும் கேவலமாகப் பார்க்காதே. ஆனால் பயத்தை வீட்டுக்குள் ஒளித்து வைக்காதே. அந்த மனிதர் கந்தோருக்கு வந்த அன்று பின்னேரமே, மகன், இப்படி ஒருவர் வந்தார், நான் நடுங்கிப் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன் என்று உன்னிடம் சொல்லியிருந்தால், நீங்கள் வியாழக்கிழமை போகாமல் விட்டிருப்பீர்கள். அவ்வளவுதான், வேறு ஒன்றும் நடந்திருக்காது. என்னை நீ ஒரு கிழமை திட்டியிருப்பாய். ஒரு கிழமைத் திட்டுக்குப் பயந்து ஐந்து வருடத்தைத் தொலைத்தேன்.

சீலன் எடுத்ததைப் பார்க்கக் கேட்டேன், காட்டவில்லை. வெட்டி ஒட்டுறது அவன்ட வேல, அவன் வந்தாத்தான் இது படம் என்று சொல்லிவிட்டான். கலியாணத்தையும் வாசலில் நின்று முறையாகச் சொன்னேன். சிரித்தான். உங்கட சொல்லு எனக்குப் போதும் உம்மா, ஆனா மாப்பிள்ள வெட்டின பேர மாப்பிள்ளதான் எழுதணும் என்றான். நியாயமான பேச்சு.

இன்றைக்குச் செவ்வாய்க்கிழமை. நாளை அஸர் தொழுகைக்குப் பிறகு அவன் வீட்டில் இருப்பான் என்று கேட்டு வைத்திருக்கிறேன். போய் வாசலில் நின்று வாயால் சொல். என்னோடு கோபப்பட உனக்கு என் மௌத்து வரைக்கும் நாள் இருக்கிறது, நானும் மறுக்காமல் வாங்கிக்கொள்வேன். வியாழக்கிழமை வீடு நிறைய ஆட்கள் வந்துவிடுவார்கள், அவனிடம் போக நாளை ஒரு நாள்தான் இருக்கிறது.

உன் உம்மா